வடிப்பு என்ற சொல்லும் ஜன்னல் கம்பியும்

டயாலிசிஸ் பிரிவில் புதிதாகச் சேர்ந்திருக்கும் பிள்ளைகளே,

நோயாளிகளுக்குக் கொடுக்கத் தமிழில் ஒரு கையேடு தயாரிக்கிறீர்கள். அதில் 'அல்ட்ராஃபில்ட்ரேஷன்' என்பதற்கு என்ன சொல் போடலாம் என்று போன வாரம் திவ்யா என்னிடம் கேட்டாள். "மேடம், நீங்க இதே வேலையில ரிட்டயர் ஆனவங்க. இப்ப எங்ககிட்டயே பேஷண்ட்டாவும் வர்றீங்க. உங்கள விட்டா யாரு சொல்றது?" என்றாள். அவள் கேட்டது ஒரு சொல். நான் எழுத உட்கார்ந்ததும் அது நீண்டுகொண்டே போய்விட்டது. வேலையில் இருந்த காலத்தில் நான்கு வரி எழுதச் சொன்னாலே ஓடி ஒளிகிறவள் நான். இப்போது எழுதுகிறேன் என்றால் காரணம் இருக்கிறது என்று புரிந்துகொண்டு கடைசிவரை படியுங்கள்.

முதலில் சொல்லைப் பற்றி. சிறுநீரகம் ஓய்ந்துபோனவர்களுக்கு நம் மிஷின் இரண்டு காரியம் செய்கிறது. ரத்தத்தில் சேரும் கழிவைச் சுத்தம் செய்வது ஒன்று. சிறுநீராகப் போக வழியில்லாமல் உடம்பிலேயே தங்கிவிட்ட தண்ணீரை வெளியே எடுப்பது இன்னொன்று. இந்த இரண்டாவதுதான் நீங்கள் கேட்கும் அல்ட்ராஃபில்ட்ரேஷன். டாக்டர்கள் அதைச் சுருக்கி "யூஎஃப் எவ்வளவு?" என்பார்கள். கலைச்சொல் அகராதியில் 'நுண்வடிகட்டல்' என்று இருக்கிறது. சரியான சொல்தான், ஆனால் அதைப் படித்தால் நோயாளிக்கு இருக்கிற பிரஷரும் ஏறிவிடும். நோயாளிகள் "இன்னைக்கு எவ்வளவு எடுக்கப்போறீங்க?" என்று கேட்பார்கள். உடம்பு அசந்துபோன நாளில் "என்னையப் புழிஞ்சி எடுத்துட்டாங்க" என்பார்கள். நாம் மட்டும் நமக்குள் "ரெண்டு லிட்டர் இழு" என்று பேசிக்கொள்கிறோம், என்னவோ கிணற்றில் வாளி விட்டதைப் போல.

நான் நோயாளிகளிடம் 'வடிப்பு' என்றுதான் சொல்லி வந்தேன். சோறு வடிப்பதைப் பார்க்காத வீடு நம் பக்கத்தில் கிடையாது. "பானைய அவசரமா சாய்ச்சா கஞ்சியோட சோறும் போயிடும்ல? அதே மாதிரிதான். தண்ணிய வேகமா எடுத்தா பிரஷர் விழுந்துடும், கால் நரம்பு இழுக்கும். அதனால மெதுவா வடிக்கிறோம்" என்பேன். குத்தாலத்திலிருந்து வருகிறவர்களுக்கும் சரி, முத்துப்பேட்டையிலிருந்து வருகிறவர்களுக்கும் சரி, இரண்டாவது தடவை விளக்க வேண்டியிருக்காது. சொல் நல்ல சொல்தான். அந்தச் சொல்லை வைத்துக்கொண்டு வார்டில் நான் நடத்திய தர்பார்தான் நல்லதாக இல்லை.

எவ்வளவு வடிக்க வேண்டும் என்பதை எடையை வைத்து முடிவு செய்கிறோம். தண்ணீர் தங்காதபோது ஒருவருக்கு இருக்க வேண்டிய எடை ஒன்று உண்டு. வரும்போது அதற்கு மேல் என்ன இருக்கிறதோ, அதுதான் வடிக்க வேண்டிய தண்ணீர். எங்கள் பழைய வார்டில் எடை மிஷின் வாசலருகே ஜன்னலோரமாக இருந்தது. ஒவ்வொருவரும் ஏறி நிற்க, நான் எண்ணை உரக்கப் படிப்பேன். எதிரே இருக்கும் பலகையில் ஒருவர் எழுதுவார். யாருக்கும் மறந்துவிடக் கூடாது என்று ஆரம்பித்த வழக்கம் அது. நாளாக ஆக அது ஒரு வேடிக்கையாகிவிட்டது. யாருக்காவது எடை கூடியிருந்தால் நான் "மேட்டூர் தொறந்தாச்சு!" என்பேன். நாற்காலிகளில் படுத்திருப்பவர்கள் எல்லாரும் சிரிப்பார்கள். ரொம்பவும் கூடியிருந்தால் "கல்லணையையே குடிச்சிட்டு வந்தீங்களா?" என்பேன். அதற்கு இன்னும் பெரிய சிரிப்பு வரும். வலியோடு கிடக்கிறவர்களைச் சிரிக்க வைக்கிறேன் என்று எனக்கு உள்ளுக்குள் பெருமை. "சிஸ்டர் இருந்தாதான் வார்டு கலகலன்னு இருக்கு" என்று சொல்லவும் ஆட்கள் இருந்தார்கள்.

கலியபெருமாள் குத்தாலம் பக்கத்துக்காரர். அப்பா பண்ணையில் ஆளாக இருந்தவர். இவர் சொந்தமாகக் கொஞ்சம் நிலம் வாங்கி, மாடாக உழைத்து, பிள்ளைகளைப் படிக்க வைத்தவர். டயாலிசிசுக்கு வருகிற நாளில்கூட வெளுத்த சட்டை, தோளில் மடித்த துண்டு, கல்யாணத்துக்குப் போகிறவர் மாதிரிதான் வருவார். கூட அவர் மனைவி அஞ்சலை வருவார். அதிகம் பேச மாட்டார், ஆனால் கேட்டதற்கு ஒளிக்காமல் பதில் சொல்லுவார்.

அது குறுவை நடவு நேரம். வாய்க்காலில் தண்ணீர் வந்துவிட்டது. வயல் முழுக்கத் தண்ணீர் நிற்க, நடுவில் நிற்கிற மனிதருக்கு அளந்துதான் குடிக்க வேண்டும் என்று நாம் சட்டம் போட்டிருக்கிறோம். அந்த வாரம் எடை நன்றாகவே ஏறியிருந்தது.

"என்ன கலியபெருமாள், மேட்டூர் தொறந்தாச்சா?"

"தண்ணியே குடிக்கலீங்க சிஸ்டர். நீங்க சொன்ன டம்ளர் கணக்குதான். அஞ்சலையக் கேட்டுப் பாருங்க."

"ஆமாங்க சிஸ்டர்" என்றார் அஞ்சலை. "தண்ணி குடிக்கல. காலையில நீராகாரம் மட்டுந்தான்."

"நீராகாரம் எவ்வளவு?"

"ஒரு செம்பு இருக்கும்ங்க."

"ஒரு செம்பா! அது தண்ணி இல்லாம என்னாங்க?"

கலியபெருமாள் உண்மையாகவே குழம்பிப்போய் என்னைப் பார்த்தார். "அது சோறுங்களே சிஸ்டர். பழையதுல இருக்கறதுதானே."

அவர் பொய் சொல்லவில்லை. பிறந்ததிலிருந்து அது அவருக்குச் சாப்பாடு. தாகத்துக்குக் குடிப்பது தண்ணீர், வயிற்றுக்குக் குடிப்பது சோறு. தண்ணீரைக் குறைக்கச் சொன்னதால் தண்ணீரைக் குறைத்திருக்கிறார். அந்த இடத்தில் பக்கத்தில் உட்கார்ந்து விளக்கியிருக்க வேண்டும். நான் வார்டு பக்கம் திரும்பினேன். "கேட்டீங்களா? நீராகாரம் தண்ணியில சேத்தி இல்லையாம்! அப்ப ரசம், மோரு, பாயசமெல்லாம் பலகாரத்துல சேத்தியா?"

வார்டே சிரித்தது. அவரும் சிரித்தார். சிரித்துக்கொண்டே தோளில் கிடந்த துண்டை எடுத்து இடுப்பில் சுற்றிக்கொண்டார். அவருடைய அப்பா பண்ணையார் முன்னால் அப்படித்தான் நின்றிருப்பார். நானும் இந்த ஊரில் பிறந்து வளர்ந்தவள்தான், அந்தக் கை ஏன் துண்டுக்குப் போனது என்று எனக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. பார்த்தேன். பார்த்துவிட்டு அடுத்த ஆளின் பெயரைக் கூப்பிட்டேன்.

அதற்குப் பிறகு கலியபெருமாளின் எடை ஒழுங்குக்கு வந்துவிட்டது. வரும்போதெல்லாம் கொஞ்சம்தான் கூடியிருக்கும். எனக்கு ஒரே சந்தோஷம். என் கேலி வேலை செய்துவிட்டது என்று நினைத்தேன். திட்டியவள் பாராட்டவும் வேண்டுமல்லவா? "எல்லாரும் கலியபெருமாளப் பாருங்க! நடவு நேரத்துலயும் எப்படி அளவா இருக்காரு! இவர மாதிரி இருந்தா எனக்கு வேலையே இல்ல" என்று உரக்கச் சொன்னேன். ஒவ்வொரு முறையும் சொன்னேன். அவர் பள்ளிக்கூடத்தில் பரிசு வாங்கிய பையனைப் போலத் தலையைக் குனிந்து சிரிப்பார். எடை மிஷினில் ஏறும்போது துண்டை எடுத்து ஜன்னல் கம்பியில் போட்டு, கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்பார். கால்வலி போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

ஒரு நாள் காலையில் வந்தார். வாசலிலிருந்து எடை மிஷினுக்கு நடந்து வருவதற்குள் இரண்டு தடவை நின்றார். "என்ன, பஸ்ஸ விட்டு எறங்கி ஓடி வந்தீங்களா?" என்றேன். பதில் சொல்ல வாயைத் திறந்தார், பேச்சு முழுசாக வரவில்லை. எடை வழக்கம் போலக் கொஞ்சம்தான் கூடியிருந்தது. அதன்படி கொஞ்சம் வடித்தால் போதும் என்று மிஷினில் போட்டுவிட்டு நகர்ந்தேன்.

எனக்கு இந்த வேலையைக் கற்றுக்கொடுத்த மூத்த சிஸ்டர், எண்ணைப் பார்ப்பதற்கு முன் காலைப் பார்ப்பார். முழங்காலுக்குக் கீழே எலும்பின் மேல் கட்டைவிரலால் அழுத்தி, தண்ணீர் தங்கிக் குழி விழுகிறதா என்று பார்த்துவிட்டுத்தான் எடைக்கே போவார். நானும் பல வருஷம் அப்படித்தான் செய்தேன். பலகையும் வேடிக்கையும் வந்த பிறகு எப்போது விட்டேன் என்று எனக்கே தெரியாது.

மிஷின் ஓட ஆரம்பித்துக் கொஞ்ச நேரம்தான் ஆகியிருக்கும். கலியபெருமாள் படுக்க முடியாமல் எழுந்து உட்கார்ந்தார். இருமல் வந்தது. வாயோரம் இளஞ்சிவப்பாக நுரை. சட்டை வேர்வையில் ஒட்டிக்கொண்டது. ஒரு கையால் நாற்காலியைப் பிடித்தபடி காற்றுக்காகத் தவித்தார். ஆக்ஸிஜன் வைத்தோம். நுரையீரலில் தண்ணீர் ஏறியிருக்கிறது என்று பார்த்தாலே தெரிந்தது. ஆனால் எடைப்படி அவர் உடம்பில் அவ்வளவு தண்ணீரே இல்லை.

என்னோடு வேலை பார்த்த டெக்னீஷியன் பதறினார். "சிஸ்டர், எடை கொஞ்சந்தானே ஏறியிருக்கு? இப்ப அதிகமா இழுத்தா பிரஷர் விழுந்துடும். ஹார்ட்டா இருந்தா என்ன பண்றது?"

டாக்டர் வேறு மாடியில் இருந்தார். போனில் முதல் கேள்வியே "வெயிட் எவ்வளவு?" என்பதுதான். நான் எண்ணைச் சொல்ல வாயெடுத்தேன். அப்போதுதான் என் கை தானாகக் கலியபெருமாளின் வேட்டியை முழங்கால்வரை தூக்கியது. கால் பளபளவென்று வீங்கியிருந்தது. கட்டைவிரலால் அழுத்தினேன். விரலை எடுத்த பிறகும் குழி அப்படியே நின்றது.

"டாக்டர், எடைய நம்பாதீங்க" என்றேன். "கால் ரெண்டும் தண்ணி. பிரஷர் நல்லா ஏறிக் கெடக்கு. எடை எப்படித் தப்பா வந்துச்சுன்னு தெரியல. சுத்தம் பண்றத நிறுத்திட்டு வடிப்ப மட்டும் ஓட்டட்டுமா?"

"ஓட்டுங்க. பக்கத்துலயே நில்லுங்க. நான் வர்றேன்."

பிள்ளைகளே, மிஷினில் அந்த மாற்றத்தைச் செய்வது எப்படி என்று உங்களுக்குத் தெரியும், அதை நான் சொல்லவில்லை. எண் ஒன்று சொல்ல, மனிதர் வேறொன்று சொல்ல, நடுவில் நின்று ஒன்றை நம்ப வேண்டியிருப்பது எப்படி இருக்கும் என்பதைத்தான் சொல்கிறேன். நான் நினைத்தது தப்பாக இருந்தால் அவரை நானே கொன்றிருப்பேன். அவர் கையைப் பிடித்துக்கொண்டு பிரஷரைப் பார்த்தபடி நின்றேன். செபமாலை சொல்லிப் பழகிய வாய்க்கு அன்று ஒரு மணிகூட நினைவு வரவில்லை. தண்ணீர் வடிய வடிய இருமல் குறைந்தது. தோள்கள் இறங்கின. கடைசியில் அவர் தலையணையில் சாய்ந்தார். அதைப் பார்த்த பிறகுதான் எனக்கே மூச்சு வந்தது.

வெளியே வந்தேன். அஞ்சலை சுவரோரம் நின்றுகொண்டிருந்தார்.

"வீட்டுல மூச்சு வாங்கலையா இவருக்கு? ஏம்மா சொல்லல?" என்று கேட்டேன். அப்போதும் என் குரலில் அதட்டல்தான் இருந்தது.

"என்ன வேணா திட்டுங்க சிஸ்டர். ரெண்டு மூணு நாளா படுக்கவே முடியல அவருக்கு. செவுத்துல சாஞ்சே கெடந்தாரு. ஆஸ்பத்திரிக்குப் போவோம்னு எவ்வளவோ சொன்னேன். 'சிஸ்டர் அத்தன பேர் எதிர்ல நல்ல பேர் சொல்லிட்டாங்க, இப்ப எந்த மொகத்தோட போயி நிக்கறது'ங்கறாரு. உங்ககிட்ட சொல்லக் கூடாதுன்னு எங்கிட்ட சத்தியம் வாங்கிட்டாருங்க."

உள்ளே போய் அவர் பக்கத்தில் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். எடை எப்படிக் குறைந்தது என்று மெதுவாகக் கேட்டேன். அவர் கண்ணால் ஜன்னலைக் காட்டினார்.

"கம்பியப் புடிச்சிகிட்டு ஒடம்ப அதுல கொஞ்சம் தாங்கிகிட்டா எண்ணு எறங்கிடுதுங்க" என்றார். பிறகு, "இத்தன வயசுல நாலு பேருக்கு மத்தியில என்னைய ஒசத்தி சொன்னது நீங்கதாங்க சிஸ்டர். அதக் கெடுத்துக்க மனசு வரல" என்றார்.

நான் கேலி செய்தபோது அவர் துண்டை இடுப்பில் கட்டினார். நான் பாராட்டியபோது உயிரையே பணயம் வைத்துவிட்டார். கேலியாவது ஒரு நாளோடு போயிருக்கும். அந்தப் பாராட்டைக் காப்பாற்ற அவர் ஒவ்வொரு தடவையும் கம்பியில் தொங்க வேண்டியிருந்தது. வார்டு காலியான பிறகு நான் எடை மிஷினில் ஏறி அந்தக் கம்பியைப் பிடித்துப் பார்த்தேன். எண் சத்தமில்லாமல் இறங்கியது. வெட்கத்தில் காது இரண்டும் எரிந்தது. அந்த ஜன்னலோரம் எத்தனை பேர் நின்று போனார்கள், அவர்களில் எத்தனை பேர் கை கம்பியில் இருந்தது என்று யோசிக்கவே பயமாக இருந்தது.

மறுநாள் பலகையைத் துடைத்தேன். எடை மிஷினை உள்ளே தள்ளி, திரைக்குப் பின்னால் வைத்தேன். எண்ணை அவரவர் காதில் மட்டும் சொன்னேன். 'மேட்டூர் தொறந்தாச்சு' அதோடு நின்றது. கலியபெருமாளின் செம்பைச் சின்ன டம்ளராக மாற்ற அஞ்சலையோடு உட்கார்ந்து பேசினேன். அவர் அதற்குப் பிறகும் பல சாகுபடி பார்த்தார். துண்டு தோளுக்குத் திரும்பி வந்தது.

இதோடு முடிந்திருந்தால் நானும் ஏதோ திருந்திய ஆள் என்று உங்களிடம் நெஞ்சை நிமிர்த்தியிருக்கலாம். ஆனால் மிஷினை ஏன் உள்ளே வைத்தீர்கள் என்று எல்லாரும் கேட்டபோது நான் உண்மையைச் சொல்லவில்லை. "ஜன்னலோரம் தரை சமமா இல்ல, எடை தப்பா காட்டுது" என்றேன். பழி தரை மேல் விழுந்தது, என் மேல் விழவில்லை. அந்தக் காரணம்தான் வார்டில் நின்றது. நான் ஓய்வு பெற்றபோதும் அதையே விட்டுவிட்டு வந்தேன்.

சர்க்கரை என் சிறுநீரகத்தையும் தின்ற பிறகு உங்கள் புதிய கட்டடத்துக்கு நோயாளியாக வந்தேன். வாசலில் நுழைந்ததும் எடை மிஷின். சுவரில் பெரிய சிவப்பு எண்கள். கடைசி நாற்காலியில் படுத்திருப்பவருக்கும் தெரியும். ஏன் இங்கே வைத்தீர்கள் என்று திவ்யாவிடம் கேட்டேன். "பழைய வார்டுல தரை சரியில்லன்னு திரைக்குப் பின்னால வெச்சிருந்தாங்களாம் மேடம். இங்கதான் புது டைல்ஸ் ஆச்சே!" என்றாள். அவள் மேல் என்ன தப்பு? நான் மறைத்த காரணத்தை அவள் எப்படித் தெரிந்துகொள்வாள்? அப்போதும் நான் வாயைத் திறக்கவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து தங்கை வீட்டில் விருந்து. ரசம் குடித்தேன். மோர் குடித்தேன். பாயசமும் குடித்தேன். எல்லாம் தண்ணீர்க் கணக்கில் சேரும் என்று ஊருக்கே பாடம் நடத்தியவள்தான் குடித்தேன். திங்கட்கிழமை காலை அந்தச் சிவப்பு எண்கள் முன்னால் வந்து நின்றேன். இத்தனை வருஷம் இங்கே சிஸ்டராக இருந்தவள், எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். மிஷினுக்குப் பக்கத்தில் ஒரு மேஜை இருக்கிறது. அதன் விளிம்பில் கையை வைத்து அழுத்தினேன். அந்த வித்தையை எனக்குக் கற்றுக்கொடுத்தவர் யார் என்று உங்களுக்குத் தெரியும்.

"சூப்பர் மேடம்!" என்றாள் திவ்யா. "எல்லாரும் மேடத்தப் பாருங்க! இவங்கதான் நம்ம மாடல் பேஷண்ட்!"

நானும் தலையைக் குனிந்து சிரித்தேன்.

நீங்கள் அந்த எண்ணை நம்பிக் கொஞ்சமாக வடித்து என்னை வீட்டுக்கு அனுப்பினீர்கள். இன்று மாடிப்படி ஏறும்போது நடுவில் நிற்க வேண்டியிருக்கிறது. படுக்க இரண்டு தலையணை கேட்கிறது. இதற்கு என்ன அர்த்தம் என்று உங்களில் யாரையும்விட எனக்கு நன்றாகத் தெரியும். போனை எடுத்தால் உடனே வரச் சொல்வீர்கள். எடுக்கக் கூச்சமாக இருந்தது. கூச்சத்தைப் பார்த்துக்கொண்டிருந்தால் கலியபெருமாளைப் போல நானும் உங்கள் நாற்காலியில் நுரை தள்ள உட்கார வேண்டியிருக்கும்.

கையேட்டில் 'வடிப்பு' என்றே போடுங்கள். நீராகாரம், கஞ்சி, ரசம் எல்லாம் தண்ணீர்க் கணக்குதான் என்று கேலி இல்லாமல் எழுதுங்கள். எடை மிஷினைத் திரைக்குப் பின்னால் கொண்டுபோங்கள். யாராவது கேட்டால் தரை சரியில்லை என்று சொல்லாதீர்கள், என் பெயரைச் சொல்லுங்கள்.

இதைத் தங்கை மகனிடம் கொடுத்து முன்னால் அனுப்பிவிட்டு, பின்னாலேயே ஆட்டோவில் வருகிறேன். திவ்யா, முதலில் என் காலை அழுத்திப் பார். பிறகு என்னை எடை மிஷினில் ஏற்று. இரண்டு கையையும் தொங்கவிட்டுத்தான் நிற்பேன். என்ன எண் வந்தாலும், அதை என் காதில் மட்டும் சொல்லம்மா.